இரண்டாவது வானவில்

மழை ஓய்ந்து, மேகத்தின் இடுக்கிலிருந்து கதிரவன் எட்டிப் பார்க்கும் வேளையில், வானின் மறு கோடியில் வளைந்து நிற்கும் வண்ண வில்லைக் கண்டு மகிழாதவர் உண்டோ? நம் முன்னோர் அதனை இந்திரவில் என்றும், திருவில் என்றும் அழைத்தனர். விவிலியத்தின் தொடக்க நூல், பெருவெள்ளத்திற்குப் பின் இறைவன் நோவாவுடன் செய்த உடன்படிக்கையின் அடையாளமாக அதனைக் காட்டுகிறது. ஏழை, செல்வர் என்ற வேறுபாடின்றி எல்லோருக்கும் கிடைக்கும் காட்சி அது.

சில நாட்களில் அந்த வில்லுக்கு மேலே, சற்று எட்டத்தில், இன்னொரு வில்லும் மங்கலாகத் தெரிவதுண்டு. அதனைக் கண்டவர் பலரும், "அது முதல் வில்லின் நிழல்" என்பர். "கண்ணாடியில் முகம் தெரிவது போல முதல் வில்லின் பிம்பம்" என்பாரும் உளர். உண்மை என்ன? அது நிழலா, பிம்பமா, அல்லது தனியே பிறந்த வேறொரு வில்லா? பத்தாம் வகுப்பில் நாம் கற்ற ஒளியியலைக் கொண்டே இதற்கு விடை காண முடியும். வாருங்கள், தோழியரே, காண்போம்.

எங்கே, எப்பொழுது தோன்றும்?

வானவில்லைக் காண விரும்புவோர் கதிரவனுக்கு முதுகைக் காட்டி நிற்க வேண்டும். அப்பொழுது நம் தலையின் நிழல் விழும் திசையே வானவில்லின் நடுப்புள்ளி இருக்கும் திசை. அந்தத் திசையிலிருந்து ஏறத்தாழ 42 பாகை விலகி முதல் வில்லும், ஏறத்தாழ 51 பாகை விலகி இரண்டாவது வில்லும் அமைகின்றன.

இதிலிருந்து ஒரு செய்தி தானே விளங்கும். கதிரவன் தொடுவானத்திற்கு மேல் 42 பாகையைத் தாண்டி உயர்ந்து விட்டால், முதல் வில் முழுவதும் தொடுவானத்திற்குக் கீழே போய்விடும். காஞ்சிபுரம் பூமத்திய ரேகைக்கு வடக்கே ஏறத்தாழ 13 பாகையில் உள்ளது. ஆகையால் டிசம்பர் மாதத்தில்கூட நண்பகல் கதிரவன் நம் ஊரில் சுமார் 54 பாகை உயரத்தில் இருக்கிறான். நம் ஊர்த் தெருவில் நின்று கொண்டு நண்பகலில் வானவில்லைக் காணவே முடியாது. லண்டன் நகரிலோ டிசம்பர் நண்பகலில் கதிரவன் 15 பாகை உயரமே ஏறுகிறான். அங்கே உச்சி வேளையிலும் வானவில் தோன்றலாம். நமக்குப் பொதுவாகக் காலை ஒன்பது மணிக்கு முன்பும், பிற்பகல் மூன்றரை மணிக்குப் பின்புமே அந்த வாய்ப்பு. மார்கழி மாதத்தில் மட்டும் சற்றுக் கூடுதல் நேரம் கிடைக்கும்.

ஒரு துளியின் உள்ளே

வானவில்லை அறிய வானம் முழுவதையும் ஆராய வேண்டுவதில்லை. ஒரே ஒரு மழைத்துளி போதும். கதிரவனின் வெண்மையான ஒளிக்கதிர் உருண்டையான துளியின் மேற்பகுதியில் படுகிறது. காற்றிலிருந்து நீருக்குள் நுழையும்போது அது வளைகிறது. இதுவே ஒளிவிலகல். சிவப்பு குறைவாகவும், ஊதா அதிகமாகவும் வளைவதால் நிறங்கள் பிரியத் தொடங்குகின்றன. பின்னர் அக்கதிர் துளியின் பின்சுவரில் பட்டு, ஒரு பகுதி எதிரொளித்துத் திரும்புகிறது. துளியின் கீழ்ப்பகுதி வழியே வெளியேறும்போது மீண்டும் வளைந்து நம் கண்ணை அடைகிறது. இரண்டு ஒளிவிலகல், ஒரு எதிரொளிப்பு: இதுவே முதல் வில்லின் கதை.

ஒரு துளி எல்லா நிறங்களையும் வெளியிட்டாலும், அவை வெவ்வேறு கோணங்களில் செல்வதால் ஒரு நேரத்தில் அத்துளியிலிருந்து ஒரு நிறமே நம் கண்ணில் விழும். நம் ஊர்ப் பட்டுச் சேலைகளில் "மயில்கழுத்து" நிறத்தை அறியாதவர் இல்லை. பாவு ஒரு நிறம், ஊடை வேறொரு நிறமாக நெய்யப்படுவதால், ஒரு பக்கம் சாய்த்தால் நீலமாகவும், மறு பக்கம் சாய்த்தால் பச்சையாகவும் தெரிகிறது. பார்க்கும் கோணமே அங்கு நிறத்தை முடிவு செய்கிறது. மழைத்துளியிலும் அப்படித்தான். ஆனால் பட்டு நூலில் சாயம் உண்டு. துளியில் சாயம் ஏதுமில்லை. நிறங்கள் அனைத்தும் கதிரவனின் வெண்மையான ஒளியிலேயே அடங்கியிருந்தவை.

இது முழு அக எதிரொளிப்பு அன்று

இங்கே ஒன்றைக் கவனிக்க வேண்டும். துளியின் பின்சுவரில் நிகழ்வது "முழு அக எதிரொளிப்பு" என்று சில வழிகாட்டி நூல்களில் அச்சிடப்பட்டிருக்கிறது. தேர்வுத் தாளிலும் பலர் அவ்வாறே எழுதுகின்றனர். அது சரியா என்று வடிவகணிதத்தைக் கேட்போம்.

துளியை ஒரு வட்டமாக வரைவோம். கதிர் நுழையும் புள்ளிக்கும், பின்சுவரில் அது படும் புள்ளிக்கும் வட்ட மையத்திலிருந்து கோடுகள் வரைவோம். இரண்டும் ஆரங்கள், ஆகவே சம நீளமுள்ளவை. கிடைப்பது இருசமபக்க முக்கோணம். எனவே நுழையும் இடத்தில் உள்ள விலகுகோணமும், பின்சுவரில் உள்ள படுகோணமும் சமம். காற்றிலிருந்து நீருக்குள் செல்லும் கதிரின் விலகுகோணம் நீரின் மாறுநிலைக் கோணமான 48.6 பாகையைவிட எப்பொழுதும் குறைவாகவே இருக்கும். ஆகவே பின்சுவரிலும் அது மாறுநிலைக் கோணத்தைத் தாண்ட வழியில்லை. முழு அக எதிரொளிப்பு நிகழ இடமே இல்லை!

முதல் வில்லை உண்டாக்கும் கதிருக்கு இக்கோணம் சுமார் 40 பாகை. அந்தக் கோணத்தில் பின்சுவரில் படும் ஒளியில் நூற்றுக்கு ஏறத்தாழ ஆறு பங்கே திரும்பி வருகிறது. எஞ்சியது பின்பக்கமாக வெளியேறி விடுகிறது. நாம் கண்டு வியக்கும் வானவில் அந்தச் சிறு பங்கினால் ஆனது.

ஏன் 42 பாகை?

துளியின் மீது கதிர்கள் ஓரிடத்தில் மட்டும் படுவதில்லை. நடுவிலும், ஓரத்திலும், இடையிலும் படுகின்றன. நடுவில் படும் கதிர் வந்த வழியே திரும்புகிறது. நடுவிலிருந்து ஓரத்தை நோக்கிச் செல்லச் செல்ல, வெளிவரும் கதிரின் கோணம் கூடிக் கொண்டே போய், 42 பாகையை எட்டியபின் மறுபடி குறையத் தொடங்குகிறது.

ஊஞ்சலை நினைத்துக் கொள்ளுங்கள். நடுவில் விரைந்து செல்லும் ஊஞ்சல், கோடியை எட்டித் திரும்பும் இடத்தில் சற்றே தயங்கி நிற்கிறது அல்லவா? அது போலவே, கோணம் ஏறி இறங்கும் திருப்பத்தில் ஏராளமான கதிர்கள் ஒன்று கூடுகின்றன. அங்கே ஒளி மிகுகிறது. சிவப்பு ஏறத்தாழ 42 பாகையிலும், ஊதா ஏறத்தாழ 40 பாகையிலும் கூடுவதால், சிவப்பு வெளிவிளிம்பிலும் ஊதா உள்விளிம்பிலும் அமைகின்றன. இக்கணக்கை 1637-ஆம் ஆண்டில் வெளியிட்டவர் பிரெஞ்சு அறிஞர் தெக்கார்த். வெள்ளை ஒளியில் எல்லா நிறங்களும் அடங்கியுள்ளன என்பதை முப்பட்டகச் சோதனைகளால் நிறுவி, 1672-இல் வெளியிட்டவர் நியூட்டன்.

இரண்டாவது வில் பிறக்கும் விதம்

பின்சுவரில் எதிரொளித்த கதிர் துளியின் அடுத்த எல்லையை அடையும்போது, பெரும்பகுதி வெளியேறினாலும், ஒரு சிறு பகுதி மறுபடியும் உள்ளேயே எதிரொளிக்கிறது. இவ்வாறு இரண்டு முறை திரும்பிய பின் வெளிவரும் ஒளியே இரண்டாவது வில்லை உண்டாக்குகிறது. இக்கதிர் துளியின் கீழ்ப்பகுதியில் நுழைந்து, உள்ளே சுற்றி, மேற்பகுதி வழியாக வெளியேறி நம் கண்ணுக்கு வருகிறது.

இரண்டாவது வில்லில் ஊதா வெளியிலும் சிவப்பு உள்ளேயும் இருக்கும். நிறங்கள் ஏன் தலைகீழாக மாறின? சிறு கணக்கால் விளங்கிக் கொள்ளலாம். முதல் வில்லின் சிவப்புக் கதிர் தன் பாதையிலிருந்து மொத்தம் சுமார் 138 பாகை திரும்புகிறது; ஊதாக் கதிர் சுமார் 140 பாகை. நேர் எதிராகத் திரும்புவதற்கு 180 பாகை வேண்டும். குறையும் அளவே வில்லின் கோணம்: 180-லிருந்து 138 போக 42, 180-லிருந்து 140 போக 40. அதிகம் திரும்பிய ஊதா நடுப்புள்ளிக்கு அருகில் வந்து விடுகிறது.

இரண்டாவது வில்லிலோ கதிர்கள் 180 பாகையைக் கடந்தே சென்று விடுகின்றன. சிவப்பு சுமார் 230 பாகை. ஊதா சுமார் 233 பாகை. கடந்து சென்ற அளவே இங்கே கோணம்: சிவப்புக்கு 50, ஊதாவுக்கு 53. அதிகம் திரும்பிய ஊதா இம்முறை நடுப்புள்ளியை விட்டு விலகிப் போகிறது. இதுவே நிறமாற்றத்தின் காரணம்.

இதே எண்களிலிருந்து இன்னொன்றும் தெரிகிறது. முதல் வில்லின் அகலம் ஏறத்தாழ 2 பாகை. இரண்டாவதன் அகலம் ஏறத்தாழ 3 பாகை. ஒவ்வொரு எதிரொளிப்பிலும் ஒளி வெளியே கசிந்து விடுவதால், இரண்டாவது வில்லுக்குக் கிடைப்பது முதல் வில்லின் ஒளியில் பாதிக்கும் குறைவு. அந்தக் குறைந்த ஒளியும் அகன்ற பட்டையில் பரவுவதால் அது மங்கித் தெரிகிறது.

இடையே ஓர் இருண்ட வீதி

இரண்டு வில்லுக்கும் நடுவே உள்ள வானத்தைப் பாருங்கள். சுற்றிலும் உள்ள வானத்தைவிட அது கறுத்திருக்கும். கி.பி. 200-ஐ ஒட்டி வாழ்ந்த அலெக்சாந்தர் என்னும் கிரேக்க அறிஞர் இதனைக் குறித்து எழுதியதால், இன்றும் இதற்கு "அலெக்சாந்தர் பட்டை" என்று பெயர். ஒருமுறை எதிரொளித்த ஒளி 42 பாகைக்கு உட்புறமே செல்கிறது. இருமுறை எதிரொளித்த ஒளி 50 பாகைக்கு வெளிப்புறமே செல்கிறது. இடையில் உள்ள 8 பாகைக்கு இரண்டிலிருந்தும் ஒளி வருவதில்லை. கையை நேரே நீட்டி முட்டி பிடித்தால் அதன் அகலம் சுமார் 10 பாகை. அடுத்த முறை இரட்டை வில்லைக் காணும்போது உங்கள் முட்டியைக் கொண்டு இந்த இருண்ட வீதியை அளந்து பாருங்கள். அதனை மறைக்க ஒரு முட்டி போதும்.

பிம்பம் அன்று என்பதற்குச் சான்று

உண்மையாகவே ஒரு "பிம்ப வில்" உண்டு. காற்றில்லாத வேளையில் பெரிய ஏரியின் நீர்ப்பரப்பு கண்ணாடி போலாகி, அதில் எதிரொளித்த கதிரவன் ஒளி மழைத்துளிகளில் பட்டால், வேறொரு வில் தோன்றும். 1698-இல் ஆங்கில வானியல் அறிஞர் ஹாலி செஸ்டர் நகரில் இவ்வாறான வில்லைக் கண்டார். ஏரிகள் நிறைந்த நம் மாவட்டத்திலும் இதற்கு வாய்ப்புண்டு. ஆனால் அந்த வில்லின் நிற வரிசை முதல் வில்லைப் போன்றதே. மேலும் அது தொடுவானத்தில் முதல் வில்லைச் சந்தித்து, அங்கிருந்து மேல்நோக்கிப் பிரிந்து செல்லும். நம் இரண்டாவது வில்லோ முதல் வில்லை எங்கும் தொடுவதில்லை. நடுப்புள்ளி ஒன்றே, நிற வரிசை தலைகீழ். ஆகவே அது பிம்பமும் அன்று, நிழலும் அன்று. வேறு துளிகளிலிருந்து, வேறு பாதையில் வந்த ஒளி.

இன்னொரு வியப்பும் உண்டு. மழைத்துளி எதுவானாலும் அதன் உள்ளே ஒருமுறை எதிரொளிப்பதும் நிகழ்கிறது, இருமுறை எதிரொளிப்பதும் நிகழ்கிறது. அப்படியானால் முதல் வில் தோன்றும்போதெல்லாம் இரண்டாவது வில்லும் அதற்கு மேலே மழையுள்ள இடத்தில் இருக்கத்தான் செய்கிறது! கதிரவன் பளிச்சென்று இருந்து, துளிகள் பெரியனவாக இருந்து, பின்னால் கருமேகம் திரையிட்டால் நம் கண்ணுக்குத் தெரிகிறது. இல்லையேல் வான வெளிச்சத்தில் கரைந்து விடுகிறது.

துறவியும் கண்ணாடிக் கோளமும்

இந்த உண்மையை முதலில் கண்டவர் யார்? பண்டைய அறிஞர் பலர் மேகம் முழுவதும் ஒரு கண்ணாடி போல ஒளியைத் திருப்புகிறது என்று எண்ணினர். 13-ஆம் நூற்றாண்டில் லிங்கன் மறைமாவட்ட ஆயர் கிரோசெட்டெஸ்ட் வானவில்லுக்கு ஒளிவிலகல் காரணம் என்று எழுதினார். பிரான்சிஸ்கன் சபைத் துறவி ரோஜர் பேக்கன் 42 பாகை என்னும் அளவைக் குறிப்பிட்டார். 1310-ஐ ஒட்டி, ஜெர்மனியைச் சேர்ந்த தொமினிக்கன் சபைத் துறவி தியோடரிக், "ஒரு துளியில் நிகழ்வதை அறிந்தால் வானவில்லை அறியலாம்" என்று முடிவு செய்தார். மழைத்துளியைக் கையில் பிடிக்க முடியாதே! ஆகவே நீர் நிரப்பிய கண்ணாடிக் கோளத்தைப் பெரியதொரு துளியாகக் கொண்டு ஒளியின் பாதையைப் பின்தொடர்ந்தார். முதல் வில்லுக்கு ஒரு எதிரொளிப்பு, இரண்டாவதற்கு இரண்டு என்று கண்டார்.

ஏறத்தாழ அதே ஆண்டுகளில் பாரசீகத்தில் கமாலுத்தீன் அல்-பாரிசி என்னும் இஸ்லாமிய அறிஞரும் நீர் நிரப்பிய கண்ணாடிக் கோளத்தைக் கொண்டே அதே முடிவுக்கு வந்தார். ஒருவரை ஒருவர் அறியார். மொழியும் மதமும் வேறு. இருவர் கண்ட உண்மையோ ஒன்றே.

நாமும் செய்து பார்க்கலாம்

இச்சோதனையை நாங்கள் பள்ளி ஆய்வகத்தின் உருண்டைக் குடுவையைக் கொண்டு செய்து பார்த்தோம். குடுவையில் தெளிந்த நீரை நிரப்பி, காலை வெயிலுக்கு முதுகைக் காட்டி நின்று, தோழி ஒருத்தி குடுவையைப் பிடித்துச் சிறிது சிறிதாக உயர்த்த வேண்டும். நம் தலை நிழலின் திசையிலிருந்து 40 பாகையை நெருங்கும்போது குடுவையின் கீழ் ஓரத்தில் நிறங்கள் மின்னும். கடைசியில் சிவப்புத் தோன்றி மறையும். இன்னும் உயர்த்தினால் சிறிது நேரம் ஒன்றும் இராது. அதுதான் இருண்ட வீதி! 50 பாகையைத் தாண்டியதும் மேல் ஓரத்தில் நிறங்கள் மீண்டும் மங்கலாகத் தோன்றும். இம்முறை சிவப்பே முதலில் வரும். நீர் நிரம்பிய குடுவை வெயிலைக் குவித்துத் தீப்பற்றச் செய்யக் கூடும். ஆகையால் துணி, தாள் அருகே அதனை வெயிலில் வைத்து விட்டுச் செல்லாதீர்கள். கதிரவனை நேரே நோக்கவும் கூடாது.

பாவு விரிக்கும் தெருவும் வானவில்லும்

"இதனால் என்ன பயன்?" என்று கேட்கலாம். நெசவாளர் தெருக்களில் பாவை நீட்டிக் கஞ்சி போட்டு வெயிலில் உலர்த்துவதை நாம் பார்த்திருக்கிறோம். நடுவில் மழை வந்தால் உழைப்பு வீணாகும். வானவில் மழை இருக்கும் திசையைக் காட்டுகிறது. மழை எத்திசையிலிருந்து வரும் என்பதைப் பருவம் காட்டுகிறது. இரண்டையும் சேர்த்துப் படிக்க வேண்டும்.

ஆடி, ஆவணி மாதங்களில் மாலை நேர இடிமழை பெரும்பாலும் மேற்கிலிருந்து கிழக்கு நோக்கி நகரும். அப்பொழுது மாலையில் கிழக்கே வில் தெரிந்தால், மழை நம்மைக் கடந்து போகிறது என்று கொள்ளலாம். ஐப்பசி, கார்த்திகையில் வடகிழக்குப் பருவமழை வங்கக் கடலிலிருந்து வருகிறது. அப்பொழுது அதே கிழக்கு வில், மழை நம்மை நோக்கி வருகிறது என்று எச்சரிக்கலாம். மாலை வில் நல்ல வானிலைக்கு அறிகுறி என்பது ஐரோப்பியரின் நம்பிக்கை. அவர்கள் நாட்டில் மழை பெரும்பாலும் மேற்கிலிருந்து வருவதால் அது அங்கே பொருந்தும். நம் ஊருக்கு அதனை அப்படியே எடுத்துக் கொள்ள இயலாது.

முடிவாக

காரணம் தெரிந்து விட்டால் வானவில்லின் அழகு குறைந்து விடுமா? அது இறைவனின் அடையாளம் என்ற நம்பிக்கைக்கு ஊறு நேருமா? கண்ணாடிக் கோளத்தைக் கையில் ஏந்திய தியோடரிக் துறவியாகவே வாழ்ந்தார். ஆராய்ந்ததால் அவருடைய பக்தி குறையவில்லை. காரணம் அறிந்த பின்பு நமக்கும் வியப்பு கூடுகிறதேயன்றிக் குறைவதில்லை. முன்பு ஒரு வில்லைக் கண்டு மகிழ்ந்தோம். இப்பொழுதோ, ஒன்றைக் கண்டவுடன் அதற்கு மேலே இன்னொன்றைத் தேடுகிறோம்.

தோழியரே, அடுத்த மழை விடும்போது வகுப்பறைச் சன்னலைவிட்டு வெளியே வந்து, கதிரவனுக்கு முதுகைக் காட்டி நில்லுங்கள். முதல் வில்லிலிருந்து ஒரு முட்டி அளவு மேலே கண்களை உயர்த்துங்கள். ஊதா வெளியிலும் சிவப்பு உள்ளேயுமாக ஒரு மெல்லிய வளைவு தெரிந்தால், துளிக்குள் இருமுறை திரும்பி உங்களிடம் வந்து சேர்ந்த ஒளி அது. தெரியாவிட்டாலும் வருந்த வேண்டாம். அது அங்கேதான் இருக்கிறது.